நிறம் மாறும் நிறமிகள்: வான் கோவின் ஓவியங்கள்

ஓவியத்தில் பூசப்பட்ட நிறமி, ஒளியாலும் காற்றாலும் வேதிமாற்றம் அடைந்து நாளடைவில் வேறு நிறமாகத் தோன்றுவது உண்டு. கதைகளில் வரும் மாய மை போல இது ஒரே இரவில் நடப்பதில்லை. மெல்ல மெல்ல நடப்பதால், தினமும் பார்ப்பவருக்குக் கூடத் தெரியாது. இதற்கு நன்கு ஆராயப்பட்ட எடுத்துக்காட்டு, டச்சு ஓவியர் வின்சென்ட் வான் கோ (1853–1890) தீட்டிய எண்ணெய் ஓவியங்கள் ஆகும்.

படுக்கையறையின் சுவர்

1888 அக்டோபரில், தெற்கு பிரான்சின் ஆர்ல் நகரில் தாம் குடியிருந்த வீட்டின் படுக்கையறையை வான் கோ வரைந்தார். அடுத்த ஆண்டு அதையே மேலும் இரு முறை தீட்டினார். மூன்று ஓவியங்களும் இப்போது ஆம்ஸ்டர்டாம், சிகாகோ, பாரிஸ் நகரங்களின் அருங்காட்சியகங்களில் உள்ளன. புத்தகங்களிலும் நாட்காட்டிகளிலும் நாம் காணும் படத்தில் சுவர் நீலமாக இருக்கும். ஆனால் தம்பி தியோவுக்கு எழுதிய கடிதத்தில், சுவர் வெளிர் ஊதா என்றே வான் கோ குறிப்பிடுகிறார். அதாவது, நம் கத்தரிப்பூவின் நிறம்.

கடிதத்தில் அவர் சொன்னது சரிதான். சிகாகோ ஓவியத்திலிருந்து எடுத்த மிகச் சிறிய வண்ணத்துகளை ஆய்வாளர்கள் புரட்டிப் பார்த்தபோது, ஒளி படாத அடிப்பக்கம் ஊதாவாகவே இருந்தது. நீலத்தோடு சிவப்பைக் கலந்து அவர் ஊதாவை உண்டாக்கியிருந்தார். சிவப்பு வெளுத்துப்போக, நீலம் மட்டும் நின்றுவிட்டது.

இது சிறிய மாற்றம் அன்று. நிறவட்டத்தில் மஞ்சளும் ஊதாவும் எதிரெதிரே அமைபவை. அருகருகே வைத்தால் ஒன்றை ஒன்று நிறைவு செய்யும். மஞ்சள் கட்டிலுக்குப் பின்னால் ஊதாச் சுவரை வைத்து, ஓய்வையும் உறக்கத்தையும் நிறத்தாலேயே உணர்த்த வேண்டும் என்பது அவருடைய நோக்கம். எனவே, நீலச் சுவரைக் காட்டி அவருடைய தனிமையை விளக்க முற்படுவது சரியாகாது. அந்த நீலம் அவர் தேர்ந்தெடுத்ததே அன்று.

வெளுத்த சிவப்பு எது?

அதன் பெயர் ஜெரேனியம் லேக். பெயரில் பூ இருந்தாலும் பூவிலிருந்து எடுக்கப்படுவதில்லை. இயோசின் என்ற செயற்கைச் சாயத்தை அலுமினியச் சேர்மத்தின் மேல் படியச் செய்து பெறும் நிறமி இது. உயிரியல் ஆய்வகத்தில் திசுக்களுக்கு நிறமூட்ட மாணவர்கள் பயன்படுத்தும் அதே இயோசின்தான். சிவப்பு மையிலும் இது சேர்க்கப்பட்டது. வெயில் படும் அலமாரியில் கிடந்த பழைய விடைத்தாளில் ஆசிரியர் போட்ட மதிப்பெண் மங்கிப்போயிருப்பதைக் கண்டவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இயோசின் மூலக்கூறில் நிறத்தைத் தரும் அமைப்பை ஒளி சிதைத்துவிடுகிறது. 1890-இல் தீட்டிய ரோஜா ஓவியங்களில் இளஞ்சிவப்பாக இருந்த பூக்கள் இன்று ஏறக்குறைய வெள்ளையாகத் தெரிவதும் இதனால்தான்.

மஞ்சளும் செவ்வீயமும்

எல்லா நிறமியும் வெளுப்பதில்லை, சில கறுக்கும். சூரியகாந்தி ஓவியங்களில் உள்ள குரோம் மஞ்சள் என்பது ஈயக் குரோமேட். ஒளி படும்போது இதிலுள்ள ஆறு இணைதிறன் குரோமியம், மூன்று இணைதிறன் குரோமியமாக ஒடுக்கம் அடைகிறது. மஞ்சள் பழுப்பாகிறது. நுண்ணிய எக்ஸ் கதிர்க் கற்றையைக் கொண்டு 2011-இல் இதைக் கண்டறிந்தார்கள். மாறியிருப்பது மேற்பரப்பில் மிக மெல்லிய படலம் மட்டுமே. ஆனால் கண்ணுக்குத் தெரிவது அந்தப் படலம்தானே! சல்பேட் கலந்த வெளிர் மஞ்சள் வகைகள் இன்னும் விரைவாக மாறுகின்றன.

இரும்புப் பாலங்களுக்குத் துரு பிடிக்காமலிருக்கப் பூசிய செவ்வீயத்தையும் வான் கோ பயன்படுத்தினார். அது ஒளியாலும் காற்றிலுள்ள கார்பன் டைஆக்சைடாலும் வெள்ளைக் கார்பனேட்டாக மாறும்.

அவர் அறிந்தே செய்தாரா?

ஆம். தம் காலத்துப் புதிய நிறங்கள் நிலைக்காதவை என்று 1888 ஏப்ரலிலேயே தியோவுக்கு எழுதியிருக்கிறார். அதற்கு அவர் கண்ட வழி, அவற்றைக் கைவிடுவது அன்று. காலம் எப்படியும் மங்கச் செய்யும் என்பதால், முதலிலேயே அழுத்தமாகப் பூசிவிடுவது. ஜெரேனியம் லேக்கையும் குரோம் மஞ்சளையும் அதே மாதத்தில் தியோவிடம் கேட்டு வாங்கினார்.

வெளுத்த இடத்தில் புதுச் சிவப்பைப் பூசினால் அது வான் கோவின் கைவேலையாக இராது என்பதால், அருங்காட்சியகங்கள் மூலத்தைத் தொடுவதில்லை. பழைய நிறங்களைக் கணினிப் படமாக மட்டும் மீட்டுக் காட்டுகின்றன. ஓவியத்தின் மேல் விழும் ஒளியைக் குறைத்து மாற்றத்தைத் தாமதப்படுத்துகின்றன. ஆம்ஸ்டர்டாமில் உள்ள சூரியகாந்தி ஓவியத்தை இனி வெளியூர்க் கண்காட்சிகளுக்கு அனுப்புவதில்லை என்று 2019-இல் முடிவு செய்யப்பட்டது.