கைப்பேசிக்குள் ஒரு டூரிங் டாக்கீஸ்

மூணாறு தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்து ஓய்வு பெற்ற என் பெரியம்மா மகள், ஒரு ஞாயிறு இரவு பாலக்காட்டுக்குப் போன் செய்தார். "தம்பி, பேஸ்புக்கில கர்ணன் படம் பார்த்தேன். பதினோரு துண்டு வந்துச்சு. கர்ணன் சாகிற கட்டம் மட்டும் காணோம். நீதான் இன்ஜினீயராச்சே, தேடிக் கொடு" என்றார்.

ரயில்வேயில் தண்டவாளம் பார்த்தவனுக்கு இதெல்லாம் என்ன தெரியும்? அக்கா சொல்லைத் தட்ட முடியாமல் அவர் அனுப்பிய பக்கத்தைத் திறந்தேன். டைட்டில் எழுத்துகள் கண்ணாடியில் பார்ப்பதுபோல் திரும்பியிருந்தன. கர்ணன் இடது கையால் தானம் கொடுத்த கதை நாம் அறிந்ததே. இங்கே கண்ணன், அர்ஜுனன், துரியோதனன் எல்லோருமே இடக்கைக்காரர்கள்! பாட்டின் சுருதியும் ஏறிக் கிடந்தது.

பேரனிடம் கேட்டபோதுதான் காரணம் புரிந்தது. காட்சியையும் ஒலியையும் ஒப்பிட்டுத் திருட்டுப் பிரதியைப் பிடிக்கும் ஏற்பாடு இந்தத் தளங்களில் உண்டு. அதை ஏமாற்றவே படத்தைத் திருப்புகிறார்கள், வேகத்தைக் கூட்டுகிறார்கள், துண்டு போடுகிறார்கள். இப்படத்துக்கு இசையமைத்த இருவரில் எம்.எஸ்.விஸ்வநாதன் நம் பாலக்காடு எலப்புள்ளியில் பிறந்தவர். அவர் இசை இப்படிக் கீச்சிடுவதைக் கேட்க எனக்குப் பொறுக்கவில்லை.

சட்டம் என்ன சொல்கிறது? 1957-ஆம் ஆண்டு காப்புரிமைச் சட்டப்படி, நம் நாட்டில் ஒரு திரைப்படத்தின் உரிமை, அது வெளியான ஆண்டு முடிந்து 60 ஆண்டுகள் நிற்கும். 1964 பொங்கலுக்கு வந்த 'கர்ணன்' அந்தக் கணக்கில் 2024 டிசம்பரோடு விடுபட்டது. ஆனால் பாட்டுக்கும் இசைக்கும் தனி உரிமை உண்டு. படைத்தவர் மறைந்த ஆண்டு முடிந்து 60 ஆண்டுகள். கண்ணதாசன் மறைந்தது 1981-இல், எம்.எஸ்.வி. 2015-இல். ஆகவே பாட்டு வரிகள் 2041 வரை, இசை 2075 வரை. எழுபதுகளின் படங்களுக்கோ எல்லாமே இன்னும் உரிமைக்குள்தான்.

'பழைய படங்களை நாங்கள்தான் காப்பாற்றுகிறோம்' என்று பதிவேற்றுகிறவர்கள் சொல்வதுண்டு. முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) பிரதி இன்று இல்லை என்பதை நினைத்தால் அந்த ஆதங்கம் நியாயமே. ஆனால் கடைசித் துண்டு இல்லாத, இடவலம் மாறிய பிரதி காப்பாற்றியதாகுமா?

அதற்காக அக்காவைக் குறை சொல்லவும் மனம் வரவில்லை. அந்த மலைமேல் எந்தத் தியேட்டர் அவருக்காகச் சிவாஜி படம் போடும்? உரிமையைப் பெட்டியில் பூட்டிவிட்டு, படத்தை முறையாக வெளியிடாதவர்களுக்கும் இதில் பங்குண்டு. 2012-இல் 'கர்ணன்' டிஜிட்டலில் புதுப்பிக்கப்பட்டுத் தியேட்டருக்கு வந்தபோது ஜனங்கள் காசு கொடுத்துத்தானே பார்த்தார்கள்? நானும் கோவைக்குப் போய்ப் பார்த்தேன்.

நம் சங்க விழாவிலும் இப்படி ஒரு பிரதியை இறக்கித் திரையில் காட்டலாம் என்று இளைஞர்கள் யோசனை சொன்னார்கள். வேண்டாம் என்றேன். "ஊரே பார்க்குது சார்" என்றார் ஒருவர். பெட்டி நிறைய ஆள் டிக்கெட் இல்லாமல் ஏறினாலும் அது வித்தவுட்தான், தம்பி!

என் அலமாரியில் முன்பு விலைக்கு வாங்கிய 'கர்ணன்' டிவிடி இருந்தது. பிளேயரையும் துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன். இடுக்கிக்கு ஏது ரயில்? பக்கத்து வீட்டுப் பெண்களும் வந்து உட்கார்ந்தார்கள். கர்ணன் தன் புண்ணியத்தையெல்லாம் தாரை வார்த்த கட்டத்தில் ஒருவர் கண்ணும் காயவில்லை. படம் முடிந்ததும் அக்கா மூக்கைச் சிந்திக்கொண்டே, "இதுல வலது கையாலதான் கொடுக்கிறாரு" என்றார்.

அன்பர்களே, வீட்டுப் பெரியவர்களுக்குப் பழைய படம் காட்டும்முன், உரிமையாளரே வெளியிட்ட பிரதி இருக்கிறதா என்று ஐந்து நிமிடம் தேடிப் பாருங்கள். பெரும்பாலும் அதில்தான் முழுப் படமும் இருக்கும்.