கட்டியங்காரனும் சோவும்

நகை பிறக்கும் களன்களைத் தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் நான்காக வகுத்தார்; அவற்றுள் முதற்கண் நிற்பது எள்ளல். நம் கள்ளக்குறிச்சி வட்டாரத் தெருக்கூத்தில் அவ்வெள்ளலுக்கு உரியவன் கட்டியங்காரன். அரசன் வருகையை முழங்குபவனும் அவனே. அரசன் எதிரில் நிற்கையிலேயே அவனை எள்ளி அவையைச் சிரிக்கவைப்பவனும் அவனே. பாரதக் கதையின் நடுவே ஊர் நடப்பைப் புகுத்தினாலும் அவனைத் தடுப்பாரில்லை.

நகரத்து மேடையில் இவ்வுரிமை எளிதிற் கிட்டவில்லை. எம்.ஆர். இராதாவின் நாடகங்கள் எழுப்பிய கொந்தளிப்பினூடே 1954இல் நாடகக் கட்டுப்பாட்டுச் சட்டம் பிறந்தது. அச்சட்டத்தின் நிழலிலேதான் சோ இராமசாமி (1934–2016) மேடையேறினார். வழக்கறிஞரான அவர் 'பார் மகளே பார்' (1963) வழியாகத் திரைக்கு வந்து, நகைச்சுவை நடிகராகப் பெயர் பெற்றார். எனினும் அவரை அவராக்கியது 1968இல் அரங்கேறிய 'முகமது பின் துக்ளக்' நாடகமே. 1971இல் அதனைத் தாமே இயக்கித் திரைப்படமுமாக்கினார்.

பதினான்காம் நூற்றாண்டுத் துக்ளக்கும் பயணி இபின் பதூதாவும் கல்லறையிலிருந்து எழுந்து வந்ததாக மக்களை நம்பவைக்கின்றனர் இருவர். துக்ளக் தேர்தலில் வென்று பிரதமராகிறார். ஆங்கிலமா இந்தியா என்னும் பூசலுக்குப் பாரசீகத்தை ஆட்சிமொழியாக்கித் தீர்வு காண்கிறார். கட்சி மாறி வருவோர்க்குத் துணைப் பிரதமர் பதவியை வாரி வழங்குகிறார்.

வரலாற்றுத் துக்ளக்குக்கு இது நீதியா என நம் மாணவர் வினவலாம். அம்மன்னர் தருக்கமும் மருத்துவமும் கற்றவர். வெள்ளிக்கு ஈடாக அவர் வெளியிட்ட செம்பு, பித்தளை நாணயங்களை மக்கள் வீட்டிலேயே அச்சிடத் தொடங்கியபோது, அவற்றைத் திரும்பப் பெற்றுக் கருவூலத்திலிருந்து வெள்ளி கொடுத்தார். தம் பிழைக்குத் தாமே விலை கொடுத்த அரசர் எத்துணைப் பேர்? பெயர் அவருடையதாயினும் சோவின் அம்பு பாய்ந்தது தம் காலத்தார் மீதே என்பது நம் கருத்து.

நாடகத்தின் முடிவே அதன் உயிர். உரிய காலத்தில் உண்மையை வெளியிடுவதென்பது இருவரும் செய்துகொண்ட உடன்பாடு. பதவியின் சுவை கண்ட துக்ளக் அதற்கு மறுக்கிறான். உண்மையைச் சொல்லத் துணியும் பதூதாவை மக்கள் நம்பவில்லை. அவர்கள் கையாலேயே அவன் மடிகிறான்.

மறைந்த சுல்தான் மீண்டும் ஆளவந்தால் என்னும் இக்கற்பனையைக் கண்டு நகரங்கள் நகைத்த 1971இல், நம் கல்வராயன் மலையில் ஜாகீர்தார்களின் ஆட்சி கற்பனையன்று! அது 1976இல்தான் முடிவுற்றது. நெருக்கடி நிலையின் காலம் அது. 1970 சனவரியில் சோ தொடங்கிய 'துக்ளக்' இதழும் அப்போது தணிக்கைக்கு ஆளாகி நின்றது.

சோவின் எள்ளல் எல்லார்மீதும் ஒரே அளவிற் பாயவில்லை. திராவிட இயக்கத்தார்மீது அது காட்டிய கூர்மையைப் பிறர்பால் எப்போதும் காட்டிற்று என்று சொல்வதற்கில்லை. 1999இல் மாநிலங்களவைக்கு நியமனம் பெற்றபோது கட்டியங்காரனுக்கு அரசவையிலேயே இருக்கை கிடைத்துவிட்டது. அதன் பின்னரும் அவர் எழுத்தில் நையாண்டி ஓயவில்லை. சொல்லும் இடந்தான் மாறிற்று.

1954ஆம் ஆண்டுச் சட்டத்தின் முக்கியப் பிரிவுகள் செல்லா எனச் சென்னை உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது 2013இல். அதற்கு வழக்காடியவர் பத்திரிகையாளரும் நாடகக்காரருமான ஞாநி.