மணமகளின் ஆடையும் தையற்காரரின் கைத்திறனும்

சேலை உடுக்கும் நம் மங்கையர்க்கு ஒரு வசதி உண்டு. தாயின் கூறைச்சேலையை மகள் உடுக்க விரும்பின், அதற்கு அளவு பார்க்கவேண்டுவதில்லை. கொய்சகம் வைத்து உடுக்கும் முறையினாலே அஃது எவர்க்கும் பொருந்திவிடும். சட்டையொன்றையே புதிதாகத் தைத்தல் வேண்டும். தேவாலயத்திலே வெண்ணிறக் கவுண் அணிந்து மணம்புரியும் கிறித்தவப் பெண்களின் நிலையோ வேறு. கவுண் என்பது ஒருத்தியின் உடலுக்கென்றே வெட்டித் தைக்கப்படுவது. பெயர்பெற்ற கலைஞர் ஆக்கிய விலையுயர்ந்த ஆடையை வாங்கினாலும், தாயின் மணவாடையைப் பெட்டகத்திலிருந்து எடுத்தாலும், அதனை மணமகளின் மேனிக்கு இசைவிக்கக் கைதேர்ந்த தையற்காரர் ஒருவர் வேண்டும். அவரைத் தேர்ந்தெடுப்பது எங்ஙனம்?

இவ்விடத்திலே இங்கிலாந்து அரச குடும்பத்து நிகழ்ச்சியொன்று நம் கருத்துக்கு உரியது. 2020ஆம் ஆண்டு யூலை 17ஆம் நாள் வின்சரிலே பியற்றிஸ் இளவரசியின் திருமணம் நடைபெற்றது. அன்று இளவரசி அணிந்தது புத்தாடையன்று; பாட்டியாராகிய இரண்டாம் எலிசபெத் மகாராணியாரின் பழைய ஆடையே. 1962இல் 'லோறன்ஸ் ஒவ் அறேபியா' என்னும் திரைப்படத்தின் முதற்காட்சிக்கு மகாராணியார் அணிந்து சென்ற அவ்வாடையை ஆக்கியவர் நோர்மன் ஹாட்னெல் என்பார். இவர் நமக்கு முற்றும் அந்நியரல்லர். 1953ஆம் ஆண்டின் முடிசூட்டு விழா ஆடையை வடிவமைத்தவரும் இவரே. பொதுநலவாய நாடுகளின் சின்னங்களுடன், இலங்கைக்குரிய தாமரை மலரும் அதிலே பூவேலையாக இடம்பெற்றது. 1954இல் மகாராணியார் கொழும்பிலே நம் பாராளுமன்றத்தைத் திறந்துவைத்தபோது அணிந்திருந்ததும் அந்த ஆடையே.

பேத்திக்காகப் பழைய ஆடையைத் திருத்தும் பணி, மகாராணியாரின் ஆடைப் பொறுப்பாளரான ஏஞ்சலா கெல்லியிடமும், ஸ்ருவட் பார்வின் என்னும் வடிவமைப்பாளரிடமும் ஒப்புவிக்கப்பட்டது. ஓர்கன்சா என்னும் மெல்லிய துணியினாலே குறுங்கைகள் அமைத்து அதனோடு சேர்த்தனர். மூலக் கலைஞரின் கைவண்ணம் மறையவில்லை. புதிதாக அணிந்தவர்க்கும் ஆடை பொருந்தியது. சிறந்த திருத்தத்தின் இலக்கணம் இதுவேயாகும்.

இப்பணி எத்துணைக் கடினமானது என்பதைப் பெற்றோர் பலர் அறியார். ஆடையைச் சிறிதாக்குதல் எளிது, பெரிதாக்குதல் அரிது. தையலின் உட்புறத்தே எவ்வளவு துணி விடப்பட்டுள்ளதோ அவ்வளவுக்கே அதனை விரிக்கலாம். துணி போதாதவிடத்து, முதுகுப்புறத்துச் சிப்பை நீக்கி, இருமருங்கும் கண்ணிகள் வைத்து நாடாவினாற் பின்னிக் கட்டுதல் ஒரு வழி. பட்டுத் துணியிலே பழைய தையலைப் பிரித்தால் ஊசித் துளைகள் வெளித்தெரிவதும் உண்டு. மணிகள் பதித்த ஆடையாயின், தையல் செல்லும் வழியிலுள்ள மணிகளையெல்லாம் கையாற் கழற்றித் தைத்தபின் ஒவ்வொன்றாக மீளப் பதித்தல் வேண்டும். அன்றேல் தையற்பொறியின் ஊசியும் முறியும், மணியும் உடையும். கீழ்விளிம்பிலே றேந்தை இருப்பின், நீளம் மிகுதியென்று அதனை வெட்டியெறிதல் தகாது. றேந்தையைப் பிரித்தெடுத்து, துணியைக் குறைத்து, மீண்டும் பொருத்துதல் வேண்டும். கூலி மிகுதியாவது இத்தகைய கைவேலையினாலேயாம்.

ஆதலின், தையற்காரரை நாடும்போது கடையின் அலங்காரத்தையன்று, கையின் பழக்கத்தையே நோக்குதல் வேண்டும். திறமையுள்ளவர் ஆடையை முதலில் உட்புறம் திருப்பிப் பார்ப்பார். தையலோரங்களையும் உள்துணியையும் ஆராய்வார். பின்னரே விலை கூறுவார். அவர் முன்னர்த் திருத்திய ஆடையொன்றைக் காட்டுமாறு கேட்பதிலே தவறில்லை. அதன் உட்புறமும் துப்புரவாயிருத்தல் வேண்டும். "இது முடியும், இது முடியாது" என்று வெளிப்படையாக உரைப்பவரை நம்பலாம். எல்லாம் முடியும் என்று சொல்லிக்கொண்டே கத்தரிக்கோலை எடுப்பவரிடம் ஆடையைக் கொடாதிருத்தல் நன்று. குண்டூசி குத்தியும் நூலோடியும் அணிவித்துப் பார்த்த பின்னரே வெட்டுதல் முறை. வெட்டிய துணி மீளாதன்றோ?

காலமும் போதிய அளவு கொடுத்தல் வேண்டும். திருமணத்துக்கு இரண்டு மூன்று மாதங்களுக்கு முன்னரே ஆடையை ஒப்படைத்து, இரண்டு மூன்று முறை அணிந்து பார்த்தல் நலம். மணநாளிலே அணியவிருக்கும் பாதணியையும் உள்ளாடையையும் ஒவ்வொரு முறையும் அணிந்தே செல்லவேண்டும். குதியின் உயரம் மாறினால் விளிம்பின் நீளமும் மாறிவிடும். இறுதியாக அணிந்து பார்ப்பதைத் திருமணத்துக்கு ஓரிரு வாரங்களுக்கு முன் வைத்துக்கொண்டால், இடையே மணமகளின் உடல் சற்று மெலிந்திருப்பினும் திருத்த இடமுண்டு.

நம்மவர் திருமண மண்டபத்துக்கும் விருந்துக்கும் பணத்தைத் தாராளமாகச் செலவிடுகின்றனர்; தையற்காரரிடம் மட்டும் பேரம் பேசி, ஒரு வாரத் தவணையும் கூறுகின்றனர். தாய் முப்பது ஆண்டு காத்துவைத்த ஆடை அவசரத்தாற் பாழாகுமாயின், அதனை எந்தக் கடையிலும் வாங்க இயலாது. பெற்றோரே, நல்ல தையற்காரரைக் கண்டடைந்தால் அவருக்கு வேண்டிய காலத்தையும், உழைப்புக்கேற்ற கூலியையும் மனமுவந்து கொடுங்கள்.