நெல்லு இரட்டிக்கும், காலு இரட்டிக்காது

தஞ்சாவூர்ப் பக்கம் களத்துமேட்டில் நெல்லு, புல்லு, கல்லு என்பார் அப்பா. கால் மட்டும் அவர் வாயில் ‘காலு’தான், ‘ல்’ இரட்டிக்காது. முன்னால் இருப்பது தனிக்குறிலா, நெடிலா என்று நாக்கே பார்த்துக்கொள்ளும். தனிக்குறிலை அடுத்த ஒற்று, உயிர் வந்தால் இரட்டும் என்ற நன்னூல் விதியும் இதே வார்ப்புதான். நேற்று வந்த சொற்களும் தப்பவில்லை: மில் ‘மில்லு’, பஸ் ‘பஸ்ஸு’, கார் ‘காரு’. எவ்வளவு நுட்பமான கணக்கு! இதைக் கொச்சை என்று ஒதுக்குவதை என்னால் ஏற்க முடியாது.

இப்படிப்பட்ட கணக்கை மொழியியலும் பேசுகிறது. ஒலி விதிகள் ஒன்றோடொன்று மோதும், எதற்கு முதலிடம் என்பதில்தான் மொழிகள் வேறுபடும் என்றார்கள் 1993-இல் ஆய்வாளர்கள் ஆலன் பிரின்சும் பால் ஸ்மோலென்ஸ்கியும். ஆங்கிலம் சொல்லின் தொடக்கத்திலேயே இரண்டு மெய்களைச் சேர்ந்து நிற்கவிடும். தமிழில் தொல்காப்பியக் காலம்தொட்டே அதற்கு இடமில்லை. அதனால்தான் எங்கள் ஊரில் ஸ்கூல் ‘இஸ்கூலு’ ஆகிறது.