கானா நாட்டின் கெண்டே நெசவு

கைத்தறியின் பெருமை நம் நாட்டிற்கு மட்டும் உரியதன்று. மேற்கு ஆப்பிரிக்காவிலுள்ள கானாவிலும் தறியை நம்பி வாழும் ஊர்கள் பல உள. அங்கே நெய்யப்படும் ‘கெண்டே’ என்னும் துணியைப் பற்றி நம் அங்கத்தினர்கள் அறிந்திருத்தல் நன்று. அவர்களுக்கு நேர்ந்துள்ள இடையூறும் நமக்கு நேர்ந்துள்ள இடையூறும் ஒன்றே என்பது அதனால் விளங்கும்.

குமாசி நகருக்கு அருகிலுள்ள போன்விரே என்னும் ஊர், அசாந்தி மக்களின் கெண்டே நெசவுக்குப் பெயர் பெற்றது. சிலந்தி வலை பின்னுவதைக் கண்டு இருவர் இக்கலையைக் கற்றனர் என்பது அவ்வூர்க் கதை. ஈவே மக்களும் இந்நெசவில் வல்லவர்கள். 18ஆம் நூற்றாண்டில், ஐரோப்பிய வணிகர் கொணர்ந்த பட்டுத் துணிகளை இழை இழையாகப் பிரித்து, அந்நூலைக் கொண்டே அரசருக்குரிய ஆடைகளை நெய்தனர்.

அவர்களுடைய தறி அகலமானதன்று. சுமார் 4 அங்குல அகலமுள்ள நீண்ட பட்டையையே அதில் நெய்யலாம். பாவின் மறுமுனையில் கல்லைப் பாரமாக வைத்துத் தரையில் நீட்டி விடுவர். நெய்ய நெய்ய அது நெசவாளரை நோக்கி நகர்ந்து வரும். விழுதுக் கயிறுகளைக் கால் விரல்களுக்கிடையே பற்றி இழுப்பர். ஒரு சோடி விழுது சாதா நெசவுக்கு. மற்றொரு சோடி சித்திர நெசவுக்கு. ஆடவர் போர்த்தும் துணி ஒன்றுக்கு 20க்கு மேற்பட்ட பட்டைகள் வேண்டும். ஒரு பட்டையின் கட்டம் அடுத்த பட்டையின் கட்டத்தோடு பொருந்துமாறு கணக்கிட்டு நெய்து, ஓரங்களை இணைத்துத் தைப்பர். கணக்குத் தவறினால் சித்திரம் குலைந்துவிடும்.

இவ்வளவு உழைப்பையும் ஆலைகளின் அச்சு இயந்திரம் விழுங்குகிறது. கெண்டே சித்திரத்தை அப்படியே அச்சிட்ட மலிவுத் துணிகள் வெளிநாடுகளிலிருந்து சந்தையில் வந்து குவிகின்றன. 1985ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டமும், 2005ஆம் ஆண்டின் சட்டமும் மரபுச் சித்திரங்களுக்குப் பாதுகாப்பு அளித்தன. ஆயினும் ஒரு நாட்டின் சட்டம் அதன் எல்லைக்கு அப்பால் உள்ள ஆலையைக் கட்டுப்படுத்துவதில்லை. மேலும், அவ்வுரிமை நாட்டு மக்களின் சார்பில் குடியரசுத் தலைவரிடம் உள்ளதேயன்றி நெய்தவர் கையில் இல்லை. 2024 டிசம்பரில் யுனெஸ்கோ தனது பண்பாட்டு மரபுப் பட்டியலில் கெண்டே நெசவைச் சேர்த்தது. இது பெரும் சிறப்பே. எனினும் பட்டியலில் பெயர் ஏறியதால் மட்டும் அடுப்பு எரியாது.

வாங்குவோர் அசலை அறிந்து கேட்டால்தான் நெய்வோருக்குக் கூலி நிலைக்கும். மலிவான அச்சுத் துணியின் மறுபுறம் பெரும்பாலும் வெளுத்திருக்கும். பட்டைகளை இணைத்த தையல் இராது. இதனை எடுத்துக் காட்ட ஒருவர் வேண்டும்.

சங்கங்களைப் பார்வையிடச் செல்லும்போது, சரக்கு கிடங்கில் தேங்கியிருக்க, அதே கரை போட்ட விசைத்தறித் துணி கைத்தறி என்ற பெயரில் கடைத்தெருவில் விற்பதை நான் கண்டிருக்கிறேன். நம் விற்பனையாளர்கள் துணியை விரித்து, வேற்றுமையை விளக்கி விற்றல் வேண்டும். சங்க முத்திரையில்லாத துணி எதுவும் வெளியே செல்லலாகாது. அவசரத்திற்குத் தனியே விற்கும் அங்கத்தினர், அம்முத்திரையின் மதிப்பைத் தாமே குறைக்கின்றனர்.

1960ஆம் ஆண்டில் கானா அரசு ஐக்கிய நாடுகள் சபைக்கு ஒரு கெண்டே துணியை அன்பளிப்பாக அளித்தது. ‘ஒரு தலை மட்டும் ஆலோசனைச் சபை ஆகாது’ என்பதே அத்துணியின் பெயருக்குப் பொருள். கூட்டுறவின் கருத்தும் அதுவன்றோ?