உங்களுக்குத் தெரியுமா? கனமூலம் காட்டும் கண்கட்டு வித்தைகள்!

4,74,552-இன் கனமூலம் என்ன? பேனாவைத் தொடவே வேண்டாம்! கடைசி இலக்கம் 2, அதனால் விடை 8-இல் முடியும். கடைசி மூன்று இலக்கங்களை விரலால் மறையுங்கள். மிச்சம் 474. அதற்குள் அடங்கும் பெரிய கன எண் 343, அதாவது 7-இன் கனம். விடை 78! ஆறு இலக்கம் வரை எந்த முழுக் கன எண்ணுக்கும் இது பலிக்கும்!

கடைசி இலக்க ரகசியம் இதோ! 2 இருந்தால் 8, 8 இருந்தால் 2. 3 இருந்தால் 7, 7 இருந்தால் 3. மற்ற ஆறு இலக்கங்களும் அப்படியே! வர்க்கமூலத்திடம் இந்தப் பாச்சா பலிக்காது!

5832-இன் கனமூலம் வேண்டுமா? இலக்கங்களைக் கூட்டுங்கள், போதும்! 5+8+3+2 = 18. அதுதான் விடை! 1, 512, 4913, 17576, 19683 ஆகியவையும் இதே ஜாதிதான். இயல் எண்கள் அத்தனையிலும் தேடினாலும் இப்படிப்பட்டவை ஆறே ஆறு!

1988-இல் அமெரிக்க உளவியல் பேராசிரியர் ஆர்தர் ஜென்சன், மனக்கணக்கு மேதை சகுந்தலா தேவியிடம் கேட்டது 6,16,29,875-இன் கனமூலம். ஜென்சன் அந்த எண்ணைக் குறிப்பேட்டில் எழுதி முடிப்பதற்குள் பதில் வந்துவிட்டது: 395!

கனமூலம் காணும் வழியை ஒரே சுலோகத்தில் அடக்கியவர் ஆரியபட்டர். கி.பி. 499-இல் அவருக்கு வயது 23!

அவருக்கும் முன்னோடிகள் உண்டு! 3,500 ஆண்டுகளுக்கும் முன்பே பாபிலோனியர்கள் கனமூல வாய்ப்பாட்டைக் களிமண் பலகையில் பதித்து வைத்துவிட்டார்கள்!

பிரேசிலில் ஓர் உணவகம். இயற்பியல் மேதை ரிச்சர்ட் ஃபெயின்மனுக்கும் மணிச்சட்ட வியாபாரி ஒருவருக்கும் போட்டி. கேள்வி: 1729.03-இன் கனமூலம்! ஒரு கன அடிக்கு 1728 கன அங்குலம் என்பது ஃபெயின்மனுக்கு மனப்பாடம். 1728-இன் கனமூலம் 12 ஆயிற்றே! மனக்கணக்கிலேயே 12.002 என்றார். மணிச்சட்டம் தோற்றது! 1729 யாருடைய எண்? நம் ராமானுஜனுடையது!

2-இன் கனமூலத்தை அளவுகோலும் கவராயமும் மட்டும் வைத்து வரைய முடியுமா? கிரேக்கர்கள் தொடங்கிய இந்தத் தேடல் 2,000 ஆண்டுகளைத் தாண்டியது. முடியவே முடியாது என்று 1837-இல் நிரூபித்தார் பிரெஞ்சுக்காரர் வான்ட்செல். ஆனால் ஒரு சதுரக் காகிதத்தை மடித்தே அதைக் கண்டுபிடித்துவிடலாம்!

அதே 2-இன் கனமூலம் உங்கள் வீட்டு கீபோர்டில் ஒளிந்திருக்கிறது! ச-வின் அதிர்வெண்ணை 1.2599-ஆல் பெருக்குங்கள். அந்தர காந்தாரம்! அதே தாவலை மூன்று முறை தாவுங்கள். மேல் ச!

வியாழனின் தூரத்தை அளக்க டேப் வேண்டாம், கனமூலம் போதும்! அது சூரியனைச் சுற்ற 11.86 ஆண்டுகள். அந்த எண்ணை அதே எண்ணால் பெருக்கி, கனமூலம் எடுங்கள். 5.2! சூரியனிலிருந்து பூமி இருக்கும் தூரத்தைப் போல 5.2 மடங்கு தள்ளி இருக்கிறது வியாழன். கெப்ளர் 1618-இல் கண்ட விதி இது!

கனமூல பட்டன் இல்லாத கால்குலேட்டரா? கவலை எதற்கு! 1-இல் தொடங்கி உங்கள் எண்ணால் பெருக்குங்கள். வர்க்கமூல பட்டனை இரண்டு முறை தட்டுங்கள். வந்ததை மறுபடி அதே எண்ணால் பெருக்கி, மறுபடி இரண்டு தட்டு. 27-க்குச் செய்து பாருங்கள். ஆறாவது சுற்றிலேயே 2.999!

1-இன் கனமூலம் 1 மட்டும்தானா? இல்லை, மொத்தம் மூன்று! மற்ற இரண்டும் கலப்பெண்கள். மூன்றையும் வரைபடத்தில் குறித்து இணைத்தால், அச்சு அசல் சமபக்க முக்கோணம்!

நாடாளுமன்றத்துக்கு எத்தனை உறுப்பினர்கள்? மக்கள்தொகையின் கனமூலத்தை ஒட்டியே அந்த எண்ணிக்கை அமைகிறது என்று 1972-இல் சொன்னார் எஸ்டோனிய அறிஞர் ரெய்ன் டாகெபெரா. 140 கோடிக்குப் போட்டுப் பாருங்கள். கிட்டத்தட்ட 1,119! நம் மக்களவைத் தொகுதிகளோ 543!

2022 நவம்பரில் உலக மக்கள்தொகை 800 கோடி. அதன் கனமூலம் வெறும் 2,000! ஆளுக்கு ஒரு மீட்டர் நீள, அகல, உயரத்தில் ஒரு பெட்டி கொடுத்து அடுக்கினால், மொத்த மனிதகுலமும் அடங்க எத்தனை பெரிய கனசதுரம் வேண்டும்? பக்கத்துக்கு 2 கிலோமீட்டர், அவ்வளவே!