குச்சியை ஒடித்த முயல்

எட்டு நிமிடத்துக்குள் முடிந்துவிடும் படம். 1949-இல் வார்னர் பிரதர்ஸ் வெளியிட்ட 'லாங் ஹேர்ட் ஹேர்'. இயக்கியவர் சக் ஜோன்ஸ், கதை மைக்கேல் மால்டீஸ். பக்ஸ் பன்னி என்ற முயல் பான்ஜோ வாசித்துப் பாடுகிறது. பக்கத்து வீட்டில் சாதகம் பண்ணிக்கொண்டிருக்கும் ஓபரா பாடகர் ஜியோவானி ஜோன்ஸுக்கு அந்த மெட்டு தொற்றிக்கொள்கிறது. ஆத்திரத்தில் வந்து வாத்தியத்தை நொறுக்குகிறார். அதற்குப் பழிவாங்கத்தான் முயல் மனித வேஷம் கட்டுகிறது.

முதலில் ஆட்டோகிராஃப் கேட்கும் ரசிகையாக வருகிறது. நீட்டுகிற பேனா, டைனமைட் குச்சி! ஆனால் படத்தைத் தூக்கி நிறுத்துவது அடுத்த வேஷம்தான். லாஸ் ஏஞ்சலிஸின் ஹாலிவுட் பௌல் திறந்தவெளி அரங்கில் அந்தப் பாடகரின் கச்சேரி நடக்கிறது. வெள்ளைப் பொய்முடியோடு முயல் நுழைந்ததும் வாத்தியக்காரர்கள் "லியோபோல்ட்! லியோபோல்ட்!" என்று பயபக்தியோடு முணுமுணுக்கிறார்கள். அப்போது உலகப் புகழோடு இருந்த இசை நடத்துநர் லியோபோல்ட் ஸ்டோகோவ்ஸ்கிதான் அவர்கள் மனதில். 1940-இல் டிஸ்னியின் 'ஃபேன்டேசியா'வில் மிக்கி மவுஸோடு கைகுலுக்கியவர். குச்சி பிடிக்காமல் வெறுங்கையால் இசைக்குழுவை நடத்துவது அவர் வழக்கம்.

முயல் மேடையேறிய கையோடு, இசை நடத்தும் குச்சியை இரண்டாக ஒடித்துப் போடுகிறது. அந்த ஒரே செய்கை போதும்; வேஷம் பொருந்திவிட்டது. நாய் வேஷம் போட்டால் குரைக்கத்தான் வேண்டும் என்பார்கள். இந்த முயல் அப்படிக் குரைக்கத் தெரிந்த நடிகன்.

அப்புறம் கை உயர்கிறது, பாடகரின் சுருதி ஏறுகிறது. கை தாழ்ந்தால் குரலும் தாழ்கிறது. ஓர் உச்ச ஸ்வரத்தில் கையை நிறுத்திவிட்டு, கையுறையை மட்டும் அந்தரத்தில் தொங்கவிட்டு முயல் நழுவிவிடுகிறது. காதுமூடிக்குத் தபாலில் ஆர்டர் கொடுத்து, அது வந்ததும் மாட்டிக்கொண்டு திரும்புகிறது. அதுவரை வெறும் கையுறைக்குக் கட்டுப்பட்டு மூச்சுவிடாமல் கத்துகிறார் அந்தப் பெரிய மனிதர். முகம் நிறம் மாறுகிறது, மேடைக்கு மேலிருக்கும் கூரை விரிசல் விட்டு இடிந்து விழுகிறது.

ஒரு மேதையின் கையசைவை இத்தனை கூர்மையாகக் கவனித்தவர்களால்தான் இப்படிச் சிரிக்கவைக்க முடியும். கேலியில் ஒரு துளி அவமரியாதை இல்லை. மிருகம் மனிதனாக நடிக்கும் கார்ட்டூன்களில் எனக்கு இதுவே முதலிடம். பிள்ளைகளோடு உட்கார்ந்து பாருங்கள். சத்தத்தை மட்டும் குறைத்துவிடாதீர்கள், பாதி நகைச்சுவை அந்தச் சங்கீதத்தில்தான் இருக்கிறது.